மதலேனம்மாவின் கடைசிப் படம்

மெக்சிகோ நாட்டில் மகதலேனா வியேகாஸ் என்று ஒரு பெண் இருக்கிறாள். சினிமாவுக்குத் திரைக்கதை எழுதுகிறவள். வயது அறுபத்தொன்று. அவளுக்கு என்னைத் தெரியாது. ஒன்பது ஆண்டுகளாக அவள் படங்களுக்குத் தமிழில் வசனம் எழுதுவது நான்தான். திண்டுக்கல் மேட்டுப்பட்டியில், கோவிலுக்கு இரண்டு தெரு தள்ளி இருக்கும் எங்கள் வீட்டில், சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து எழுதுகிறேன்.

எனக்கு அவள் மொழி தெரியாது. சென்னையிலிருந்து படத்தையும் ஆங்கிலத்தில் ஒரு வசனப் பட்டியலையும் அனுப்புவார்கள். முதலில் படத்தைச் சத்தமில்லாமல் ஓடவிட்டு உதடுகளை மட்டும் பார்ப்பேன். உதடு ஒட்டுகிற இடத்தில் ஒரு 'ப'வோ 'ம'வோ விழ வேண்டும். வாய் திறந்து முடிகிற இடத்தில் நம் சொல்லும் திறந்து முடிய வேண்டும். அர்த்தம் அதற்குப் பிறகுதான். அம்மா என்று கூப்பிட அவர்களுக்கும் உதடு ஒட்டுகிறது. அந்த ஒரு சொல்லுக்கு நான் ஒருநாளும் சிரமப்பட்டதில்லை.

முகம் தெரியாத இடங்களில்தான் எங்களுக்குக் கொஞ்சம் விடுதலை. நடிகை திரும்பி நின்று பேசினால் அதை பேக் ஷாட் என்போம். அங்கே நீளம் பொருந்தினால் போதும், எந்தச் சொல்லையும் வைக்கலாம். முன்னால் இடம் போதாமல் விட்ட விளக்கத்தை அங்கே நுழைப்பார்கள். தொழிலில் அதை யாரும் தப்பென்று சொல்வதில்லை. நான் அதைக்கூடச் செய்ததில்லை. அவள் எழுதியதை அப்படியே கொடுத்துவிட வேண்டும் என்பதில் எனக்கு ஒரு பிடிவாதம் இருந்தது.

வீட்டில் அவளுக்கு மதலேனம்மா என்று பெயர். அது என் கணவர் ஸ்டீபன்ராஜ் வைத்தது. "இன்னைக்கு மதலேனம்மா வேலையா?" என்று கேட்பார். ஏதோ அடுத்த தெருவில் இருக்கிற பெண்ணைப் பற்றிக் கேட்பதுபோல் இருக்கும்.

அவள் இருபத்தேழு வயதில் எழுதிய முதல் படம் என் கைக்கு நான்காவதாக வந்தது. கல்யாண மாப்பிள்ளை வேறு ஊரில் பஸ்ஸை விட்டு இறங்கி, வேறொரு கல்யாணத்தில் போய் உட்கார்ந்துவிடுகிற கதை. சிரித்துச் சிரித்து எழுதினேன். அதற்கப்புறம் ரொட்டிக்கடை வைத்திருக்கும் இரண்டு சகோதரிகள், ஓய்வு பெற மறுக்கும் பஸ் டிரைவர் என்று அவளுடைய மனிதர்கள் எல்லோருமே வாயாடிகள். ஒருத்தி பேசி முடிப்பதற்குள் இன்னொருத்தி ஆரம்பிப்பாள். பிறகு ஆறு ஆண்டுகள் அவள் ஒன்றுமே எழுதவில்லை. ஏன் என்று தேடியபோதுதான் தெரிந்தது. அவளுடைய தம்பி ஒருவன், காருக்கு டயர் பஞ்சர் ஒட்டப் போனவன், திரும்பி வரவில்லை. அந்த நாட்டில் அப்படி ஆயிரக்கணக்கானவர்கள் போய்விட்டார்கள். யார் கொண்டுபோனார்கள், எங்கே கொண்டுபோனார்கள் என்று யாருக்கும் தெரியாது.

ஆறு ஆண்டு மௌனத்துக்குப் பிறகு அவள் எழுதிய நான்கு படங்களிலும் யாரோ ஒருவர் தொலைகிறார், கடைசியில் திரும்பி வருகிறார். ஒன்றில் முப்பது வருடம் கழித்து ஒரு கிழவன் கையில் பூந்தொட்டியோடு வந்து நிற்கிறான். இன்னொன்றில் ஒரு பெண் இருட்டில் கம்பிக் கதவைத் திறந்து உள்ளே வருகிறாள், நாய் குரைக்கவில்லை. அவள் ஊரில் விமர்சகர்கள் கேலி செய்தார்கள். வியேகாஸ் படத்தில் யாராவது காணாமல் போனால் கவலைப்பட்டு எழுந்துவிடாதீர்கள், ஒன்றரை மணி நேரத்தில் வந்துவிடுவார் என்று ஒருவர் எழுதியிருந்தார். கைபேசி அதைக் கோணல்மாணலான தமிழில் எனக்குப் படித்துக் காட்டியது.

நான் எழுந்ததே இல்லை. அந்த நான்கு படங்களும் வந்த நேரம் அப்படி.

ஐந்து வருடங்களுக்கு முன் ஒரு செப்டம்பரில் எங்கள் ஒரே மகன் ஸ்தனிஸ்லாஸ், எங்களுக்கு லாசு, காலையில் மூன்று இட்லி சாப்பிட்டுவிட்டு வெளியே போனான். வரவில்லை. இருபது வயது, கல்லூரியில் மூன்றாம் வருடம். வீட்டில் சண்டையில்லை. கடிதம் ஒன்றும் எழுதி வைக்கவில்லை. அவன் வண்டி ரயில் நிலைய ஸ்டாண்டில் பூட்டியபடி நின்றது. கைபேசி கடைசியாகப் பழனி பேருந்து நிலையத்துப் பக்கம் இருந்ததாகப் போலீசில் சொன்னார்கள். வேதக்காரப் பையனுக்கு, கிறிஸ்தவப் பிள்ளைக்கு, பழனியில் என்ன வேலை என்று சொந்தக்காரர்கள் கேட்டார்கள். எனக்கும் தெரியாது. பெற்ற பிள்ளையைப் பற்றித் தெரியாதவை எத்தனை என்று அந்த மாதத்தில்தான் ஒவ்வொன்றாகத் தெரிந்தது.

ஸ்டீபன்ராஜ் சாணார்பட்டி ரோட்டில் மோட்டார் காயில் கட்டும் கடை வைத்திருக்கிறார். முதல் இரண்டு வருடம் ஒவ்வொரு ஞாயிறும் முதல் பூசை முடிந்ததும் பழனிக்கு பஸ் ஏறினார். லாட்ஜ் லாட்ஜாக, மடம் மடமாக அவன் படத்தைக் காட்டினார். இருட்டிய பிறகு வந்து செருப்பைக்கூடக் கழற்றாமல் உட்காருவார். "மொட்டையடிச்சுச் சந்தனம் பூசிட்டா எல்லாப் புள்ளையும் நம்ம லாசு மாதிரியே இருக்கு ஏஞ்சலு. பின்னால இருந்து பாத்தா ஒண்ணும் தெரியல" என்பார். மூன்றாம் வருடம் போவது குறைந்தது. பிறகு நின்றது. கடையைத் திறந்தார். சாப்பிட்ட தட்டைப் பார்த்து, "வெஞ்சனம் என்ன, முருங்கைக்காயா?" என்று கேட்கும் அளவுக்குத் தேறினார்.

நான் ஒருமுறைகூடப் பழனிக்குப் போகவில்லை. போனால் அவன் அங்கே இல்லை என்பது எனக்கும் தெரிந்துவிடும். என் தேடல் இந்த மேசையில் நடந்தது. ஒவ்வொரு படத்திலும் வாசலில் வந்து நிற்கிறவனுக்குத் தமிழ் கொடுத்தேன். வந்தவனைப் பார்த்ததும் தாய் சொல்லும் முதல் வார்த்தை என்ன என்று நாள் கணக்கில் யோசித்தேன். படம் வெளிவந்ததும் நாங்கள் இருவரும் உட்கார்ந்து பார்ப்போம். முடியும்போது அவர் தொண்டையைச் செருமிக்கொண்டு, "மதலேனம்மா கைவிடமாட்டா" என்பார். அன்றைக்கு மட்டும் இருவரும் சீக்கிரம் தூங்கிவிடுவோம்.

இந்த வருடம் ஆகஸ்டில், ஒரு ஞாயிற்றுக்கிழமை, கறிக்கு வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தேன். அவர் வந்து எதிரில் உட்கார்ந்து தானும் ஒரு வெங்காயத்தை எடுத்தார்.

"ஏஞ்சலு, ஒண்ணு சொல்றேன், கோவிச்சுக்காத. இந்த வருசம் கல்லறைத் திருநாளுக்கு லாசு பேரையும் குடுத்துருவோம்."

நவம்பர் இரண்டாம் தேதி கல்லறைத் திருநாள். அதற்கு முன்பே ஒவ்வொரு வீட்டிலும் இறந்தவர்களின் பெயரைச் சீட்டில் எழுதிக் கொடுப்பார்கள். அன்று கல்லறைத் தோட்டத்தில் சாமியார் அந்தப் பெயர்களை வாசித்து அவர்களுக்காகப் பூசை வைப்பார். மோட்சம் போகும் முன் உத்தரிக்கிற ஸ்தலத்தில் பாவம் தீரக் காத்து நிற்கும் ஆன்மாக்களுக்கு அந்த வேண்டுதல் உதவும் என்பது நம்பிக்கை.

"குடுத்தா?" என்றேன்.

"குடுத்தா அவனுக்குன்னு ஒரு பூசை கிடைக்கும்ல. அவன் செத்துப் போயிருந்தா, அஞ்சு வருசமா உத்தரிக்கிற ஸ்தலத்துல நிக்கிறான். அம்புட்டுப் பேருக்கும் அவுகவுக வீட்ல வேண்டிக்கிறாக. நம்ம புள்ளைக்கு ஒரு மெழுகுதிரி இல்ல. ஏன்? அவன் உசுரோட இருக்கான்னு நம்ம அடம் புடிக்கிறதால."

"உசுரோட இருந்தா?"

அவர் வெங்காயத்தின் மேல்தோலை மிக மெதுவாக உரித்தார். "இருந்தா மன்னிச்சுக்குவான்."

எனக்கு அவர் மேல் கோபம் வரவில்லை. கோபம் வந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவர் சொன்னதில் ஒரு தகப்பனின் கணக்கு இருந்தது, என்னால் அதில் பிழை கண்டுபிடிக்க முடியவில்லை. ஆனால் அந்தச் சீட்டில் என் கண்ணெதிரே அவன் பெயர் விழுவதை என்னால் பார்க்க முடியாது. அப்போது என் வாயிலிருந்து அது வந்தது.

"மதலேனம்மாவோட புதுப் படம் வருதாம். அதப் பாத்துட்டு முடிவு பண்ணுவோமே."

அவர் நிமிர்ந்து பார்த்தார். பிறகு சிரித்தார். "கள்ளாட்டம் ஆடுற நீ. அந்தம்மா படத்துலதான் போனவனெல்லாம் வந்துருவானே."

"ஒரு பேச்சுக்குச் சொன்னேன்."

"சரி. அதையும் பாத்துருவோம். வந்தா விட்டுருவோம், வரலைன்னா பேரைக் குடுத்துருவோம்."

எங்கள் ஊரில் மற்றவர்கள் சாமி முன்னால் பூக்கட்டிப் போட்டு, எந்தப் பூ கையில் வருகிறதோ அதையே சாமி உத்தரவாக எடுத்துக்கொள்வார்கள். வேதக்காரர்கள் அதைச் செய்யக் கூடாது. நாங்கள் வெங்காயத்தோடு உட்கார்ந்து அதைத்தான் செய்தோம் என்று எனக்கு அப்போதே தெரிந்தது. அவருக்கும் தெரிந்திருக்கும்.

செப்டம்பரில் படம் வந்தது. வழக்கம்போல் சத்தமில்லாமல் ஓடவிட்டேன்.

வறண்ட நிலம். காணாமல் போன பிள்ளைகளின் தாய்மார் பத்துப் பன்னிரண்டு பேர் ஒரு பழைய லாரியில் வந்து இறங்குகிறார்கள். ஆளுக்கொரு இரும்புக் கம்பி. மண் இளகியதுபோல் தெரியும் இடத்தில் கம்பியைச் சுத்தியலால் அடித்து இறக்குகிறார்கள். வெளியே இழுத்து நுனியை மூக்கில் வைத்து முகர்கிறார்கள். கீழே உடல் இருந்தால் வாடை வருமாம். அங்கே உண்மையிலேயே தாய்மார் இப்படித்தான் தேடுகிறார்கள் என்று படித்தேன். படம் முழுக்க அதுதான். அடிக்கிறார்கள், இழுக்கிறார்கள், முகர்கிறார்கள், அடுத்த இடத்துக்கு நடக்கிறார்கள். நடுவில் அவர்கள் மருமகள்களைப் பற்றிக் குறை சொல்கிறார்கள், ஒருத்தி கொண்டுவந்த சாப்பாட்டில் உப்பில்லை என்று சண்டை போடுகிறார்கள். அவளுடைய பழைய வாயாடிகள் திரும்பி வந்திருந்தார்கள்.

நான் வாசலுக்காகக் காத்திருந்தேன். வாசலே வரவில்லை.

கடைசிக் காட்சியில் ஒரு குழியில் எலும்புகளும் ஒரு சட்டையும் கிடைக்கின்றன. கதையின் நாயகி சட்டையை எடுக்கிறாள். நமக்கு முதுகைக் காட்டி, மலையைப் பார்த்து நின்று, மண்ணை உதறி அதை மடிக்கிறாள். முதலில் கை, பிறகு காலர். மடித்தபடியே பின்னால் நிற்கும் பெண்களிடம் ஒன்பது நொடி பேசுகிறாள். பிறகு லாரியை நோக்கி நடக்கிறாள். படம் முடிகிறது. பட்டியலைப் பார்த்தேன். அவள் சொன்னது இதுதான்: "இவன் என் பிள்ளைதான். இனிமேல் நான் தேட மாட்டேன்."

மறுநாள் முழுக்க வேலை செய்யவில்லை. அவளுடைய பேட்டி ஒன்றைத் தேடிப் பிடித்தேன். "நான்கு படங்களில் என் தம்பியைத் திரும்ப அழைத்துவந்தேன். ஒவ்வொரு படம் முடிந்தும் என் அம்மா வீட்டுக்கு வந்து வாசல் விளக்கைப் போட்டுவைத்தாள். போன வருடம் இறந்துபோனாள். அன்று காலையிலும் அந்த விளக்கு எரிந்துகொண்டிருந்தது. அந்தப் படங்களைப் பற்றி எனக்குப் பெருமை இல்லை. இதோடு எழுதுவதை நிறுத்துகிறேன்" என்று சொல்லியிருந்தாள்.

படித்தேன். இரண்டு முறை படித்தேன். ஆனால் மனம் என்ற ஒன்று எவ்வளவு தந்திரமானது. அந்தத் தாயின் விளக்கு என் கண்ணில் படவில்லை. உன் அம்மா போய்விட்டாள், உனக்கு இனிமேல் எளிது, எனக்கு வழி என்ன என்றுதான் அவளோடு சண்டை போட்டேன். முப்பத்து நான்கு வருடம் எழுதி எழுதி ஒருத்தி வந்து சேர்ந்த வரி அது. அவளுடைய தொழில் வாழ்க்கை முழுவதும் அந்த ஒன்பது நொடியில் இருந்தது. முகம் தெரியாத ஒன்பது நொடி.

நான் எழுதினேன்: "யார் பெத்த பிள்ளையோ. என் பிள்ளை இல்லை. நாளைக்கு மேற்கே போய்ப் பார்ப்போம்." நீளம் சரியாகப் பொருந்தியது. அதைவிடச் சரியாக நான் எழுதியதே இல்லை.

இரண்டு நாள் கழித்து தப்ரேஸ் கூப்பிட்டான். சென்னை ஸ்டுடியோவில் டப்பிங்கைப் பார்த்துக்கொள்கிறவன். நம் திண்டுக்கல் பேகம்பூர்ப் பிள்ளை.

"அக்கா, கடைசி ரீல்ல ஒண்ணு. லிஸ்ட்ல வேற இருக்கு, நீங்க வேற எழுதியிருக்கீங்க."

"பேக் ஷாட்தான தப்ரேஸ்?"

"பேக் ஷாட்தான். அதுக்காகப் படத்தையே திருப்பி ஓட்டுவீங்களா? ஒரு கமா மாத்துனாலே என்னையத் திட்டுற ஆளு நீங்க."

மேசையில் கிடந்த வசனப் பட்டியலைக் கவிழ்த்து வைத்தேன்.

"அந்தம்மாவுக்கு வாய்ஸ் குடுக்கிறவங்க நாளைக்கு வர்றாங்க. எதக் குடுக்கட்டும்?"

"நான் எழுதுனதக் குடு."

ஸ்தனிஸ்லாஸ் காணாமல் போனபோது அவன் படத்தைப் பேகம்பூர் முழுக்க ஒட்டியவன் தப்ரேஸ்தான். அவனுக்குப் புரிந்துவிட்டது என்பது அவன் மூச்சிலேயே தெரிந்தது.

"சரிக்கா. நான் பாக்கல" என்றான்.

அன்பாகத்தான் சொன்னான். திட்டியிருக்கலாம்.

அக்டோபர் முதல் வாரம் படம் வெளிவந்தது. சனிக்கிழமை மத்தியானம் ஸ்டீபன்ராஜ் கடையைப் பூட்டிவிட்டு வந்தார். சாப்பிட்டுவிட்டுப் பார்க்க உட்கார்ந்தோம். கம்பி இறங்கும்போதெல்லாம் அவர் காலை மடக்கிக்கொண்டார். குழியில் எலும்பு தெரிந்தபோது என் கையைப் பிடித்தார். அவர் உள்ளங்கை ஈரமாக இருந்தது. அவர் தயாராகிவிட்டார் என்று அந்தக் கையில் தெரிந்தது. இன்னும் ஒன்பது நொடி, அவர் அழுதுவிடுவார், திங்கட்கிழமை சீட்டு எழுதிவிடுவார், அதற்குப் பிறகு அவருக்கு ஒரு வாழ்க்கை இருக்கும். எல்லாம் அந்தக் கையில் இருந்தது.

திரையில் அந்தப் பெண் முதுகைக் காட்டிக்கொண்டு, தமிழில், நாளைக்கு மேற்கே போய்ப் பார்ப்போம் என்றாள்.

அவர் கையை விட்டார். "பாத்தியா" என்றார். எழுந்தார். "பாத்தியா, எலும்பையே கையில குடுத்தாலும் இல்லைங்கிறா. அவ தாயி. நான்தான் புத்தி கெட்டுப்போயிக் குழி தோண்டப் பாத்தேன்."

மூன்று மணிக்குக் குளித்தார். சவரம் செய்தார். பீரோவுக்கு மேலே கிடந்த பழைய பையைத் தட்டி, லேமினேட் செய்த படத்தை எடுத்து வேட்டி நுனியால் துடைத்தார். "நாளைக்குப் பழனி போறேன்" என்றார்.

அப்போது சொல்லியிருக்க வேண்டும். வாயைத் திறந்தேன். "மழை வரும்போல இருக்கு, குடை எடுத்துக்கங்க" என்றேன்.

அதற்குப் பிறகு வந்த மூன்று வாரங்களைப் போல் இந்த வீட்டில் சந்தோஷம் இருந்து வெகுகாலம் ஆகியிருந்தது. அதுதான் பயங்கரம். அவர் பாடினார். மோட்டார் கொண்டுவருகிற விவசாயிகளிடம் நையாண்டி பேசினார். ஞாயிறு மட்டும் போனவர் வாரத்துக்கு மூன்று நாள் போனார், பிறகு கடையைத் திறப்பதே அரிதாகிவிட்டது. ஒருநாள் நீலக்கட்டம் போட்ட சட்டை ஒன்று வாங்கி வந்தார். நாற்பத்திரண்டு சைஸ். அவருக்குப் பெரிது. "இருவத்தஞ்சு வயசாச்சுல்ல, உடம்பு போட்டுருப்பான்" என்று சொல்லி அதைப் பீரோவில் வைத்தார். நான் அதை எடுத்துப் பிரித்துப் பார்த்தேன். திரும்ப மடிக்கும்போது என் கைகள் முதலில் சட்டையின் கையை மடித்தன, பிறகு காலரை. தரையில் உட்கார்ந்துவிட்டேன்.

அவரது அக்கா ரோஸ்மேரி எங்கள் கோவில் பங்கில், மரியாயின் சேனை என்ற பக்தி சபையில் இருக்கிறாள். சீட்டு வாங்க வீடு வீடாக வந்தவள் எங்கள் வீட்டுக்கும் வந்தாள்.

"டே தம்பி, எழுதி வச்சியாடா?"

"எதுக்குக்கா? என் புள்ளைக்குக் கல்யாணச் சீட்டு அடிக்கணும். அப்ப வா, வீடு வீடாக் குடுக்கலாம்."

"நீதானடா போன மாசம் சொன்ன."

"அது போன மாசம்."

அவள் அடுப்படிக்கு என் பின்னாலேயே வந்தாள். "ஏஞ்சலு, இவனுக்கு என்ன ஆச்சு? மூஞ்சியில ஒரு வெளிச்சம் இருக்கு. பாத்தா எனக்குப் பயமா இருக்கு."

"எனக்கும்தான் மதினி" என்றேன். அவள் வெற்றுச் சீட்டு ஒன்றை ஃபிரிட்ஜ் மேல் வைத்து, அதன் மேல் தண்ணீர்ப் பாட்டிலை வைத்துவிட்டுப் போனாள்.

அக்டோபர் கடைசியில் ஒரு செவ்வாய்க்கிழமை காலை பதினொரு மணிக்குத் தெரியாத எண்ணிலிருந்து அழைப்பு வந்தது.

"ஏனுங்க, திண்டுக்கல்லுங்களா? ஸ்டீபன்ராஜுங்கறவரு உங்க வீட்டுக்காரருங்களா?"

"ஆமா. என்னாச்சு?"

"பதறாதீங்க. நான் பழனியில லாட்ஜுல இருந்து முத்துச்சாமி பேசறனுங்க. கிரிவீதியில ஒரு மொட்டையடிச்ச பையன் கையப் புடிச்சுட்டு விடமாட்டேன்னுட்டாருங்க. பையனோட வந்தவங்க ரெண்டு தட்டு தட்டிப்போட்டாங்க. உதடு கிழிஞ்சிருக்குதுங்க, வேற ஒண்ணுமில்லீங்க. இங்கதான் உக்கார வெச்சிருக்கறேன். பாவமுங்க, அவரக் கொஞ்ச வருசமா எனக்குத் தெரியும். இப்படியெல்லாம் செய்யற ஆளில்லீங்களே."

ஐந்து வருடத்தில் அன்றுதான் பழனிக்குப் போனேன். லாட்ஜ் வரவேற்பறையில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து ஈரத்துணியை வாயில் அழுத்திக்கொண்டிருந்தார். சட்டைப் பையில் படம் பத்திரமாக இருந்தது. என்னைப் பார்த்ததும் குற்றம் செய்த பிள்ளைபோல் சிரிக்கப் பார்த்தார், உதடு இடம் கொடுக்கவில்லை.

திரும்பி வரும் பஸ் ஒட்டன்சத்திரம் தாண்டியது. முன் சீட்டுக்காரர் இறங்கிய பிறகு சொன்னேன்.

"அந்தப் படத்துல கடைசியில அந்தம்மா அப்படிச் சொல்லல. நான் மாத்திட்டேன்."

அவர் திரும்பினார். "என்ன சொன்னா?"

"இவன் என் புள்ளதான்னு சொன்னா. இனிமே தேட மாட்டேன்னு சொன்னா."

என் வாயால், நம் பேச்சில், அந்த வரியை அப்போதுதான் முதல்முதலாகச் சொன்னேன். எழுத மறுத்ததைச் சொல்ல வேண்டியதாயிற்று. சொன்னபோது அது என் பிள்ளையைப் பற்றியதாகவே இருந்தது.

"எதுக்கு மாத்துன?"

"நீங்க பேரக் குடுத்துருவீங்கன்னு பயந்து. பொய்ங்க அது. நான் எழுதுன பொய். நீங்க இப்ப அலையிறது என் பொய்க்குப் பின்னால."

வெளியே முருங்கைத் தோட்டங்கள் போய்க்கொண்டிருந்தன. அவர் திட்டுவார் என்று எதிர்பார்த்தேன். பஸ் என்றும் பாராமல் அழுதுவிடுவார் என்றும் நினைத்தேன். இரண்டுக்கும் தயாராக இருந்தேன். அவர் துணியை வாயிலிருந்து எடுத்தார். அந்த வெளிச்சம் அவர் முகத்தில் அப்படியே இருந்தது.

"ஏஞ்சலு, ஒம்பது வருசத்துல அந்தம்மா எழுதுனதுல ஒரு எழுத்த மாத்தியிருப்பியா நீ?"

"இல்ல."

"அப்ப இதுல மட்டும் உன் கையி ஏன் போச்சு?"

"சொன்னேனே. பயம்."

"பயம்னு நீ நெனைக்கிற. பெத்த வயிறுடி அது. அவன் இருக்கான்னு அதுக்குத் தெரிஞ்சிருக்கு. அதான் எழுத விடல." என் கையைப் பிடித்து இரண்டு முறை தட்டினார். "அந்தம்மா சொன்னப்பக்கூட எனக்கு அரைச் சந்தேகம் இருந்துச்சு, எங்கேயோ கெடக்குற பொம்பளைன்னு. இப்ப நீ சொல்லிட்ட."

நான் மறுத்தேன். திண்டுக்கல் வரும்வரை வேறு வேறு விதமாக மறுத்துப் பார்த்தேன். சொல்லச் சொல்ல அவர் இன்னும் அன்பாகத் தலையாட்டினார். ஒரு பொய்யை எடுத்துவிட்டால் அதன் இடத்தில் பழைய உண்மை வந்து உட்கார்ந்துகொள்ளும் என்று நினைத்திருந்தேன். அந்த இடத்தில் ஏற்கெனவே ஆள் உட்கார்ந்திருந்தார்.

நவம்பர் இரண்டாம் தேதி விடிகாலையில் அவர் பழனிக்குப் போனார். உதட்டில் தையல் இன்னும் பிரிக்கவில்லை. அவர் தெரு முனை திரும்பிய பிறகு ஃபிரிட்ஜ் மேலிருந்த சீட்டை எடுத்தேன். பாட்டிலின் வட்டம் அதில் ஈரமாகப் பதிந்திருந்தது. இறந்தவர் பெயர், உறவு என்று இரண்டு கட்டங்கள். அவன் செத்துவிட்டான் என்று நம்பி நான் எழுதவில்லை. நம்பிக்கை இந்தப் பக்கமும் இல்லை, அந்தப் பக்கமும் இல்லை. ஒருவேளை அவன் அந்த உத்தரிக்கிற ஸ்தலத்தில் நின்றுகொண்டிருந்தால் அவனுக்காக வேண்டிக்கொள்ள இனி அவன் அப்பாவால் முடியாது. அந்த இடத்தை நான் பறித்துவிட்டேன். அதை யாராவது செய்ய வேண்டும். ஸ்தனிஸ்லாஸ் என்று எழுதினேன். உறவு: மகன். எழுத்துகள் அழகாகவே வந்தன.

ரோஸ்மேரி மதினி சீட்டை வாங்கிப் பார்த்துவிட்டு என்னைப் பார்த்தாள். மற்றச் சீட்டுகளோடு சேர்த்துக்கொண்டாள்.

மாலை நான்கு மணிக்குக் கல்லறைத் தோட்டம் நிறைந்துவிட்டது. எல்லாக் கல்லறைகளுக்கும் வெள்ளையடித்துச் செவ்வந்தி போட்டிருந்தார்கள். குடும்பம் குடும்பமாகத் தங்கள் தங்கள் கல்லறையைச் சுற்றி நின்றார்கள். எனக்கு நிற்க இடம் தெரியவில்லை. மதினி என் கையைப் பிடித்துத் தன் அம்மாவின் கல்லறையருகில் நிறுத்தி, மெழுகுதிரியைக் கையில் கொடுத்தாள். சாமியார் ஒலிபெருக்கியில் பெயர்களை வாசித்துக்கொண்டே வந்தார். ஒவ்வொரு பெயருக்கும் எங்கேயாவது ஒரு மூலையில் ஒரு தலை குனிந்தது.

ஸ்தனிஸ்லாஸ் என்று அவர் வாசித்தார். நான் தலை குனிந்தேன். அவ்வளவுதான். ஒன்றும் நடக்கவில்லை. அடுத்த பெயருக்குப் போய்விட்டார்.

கைபேசி அதிர்ந்தது.

"ஏஞ்சலு, மெதுவாப் பேசுறேன். படிப்பாதைக்கிட்ட ஒருத்தன் உக்காந்துருக்கான். தாடி வச்சிருக்கான். ஒல்லியா இருக்கான். ஆனா நெத்தி... நெத்தி அப்படியே நம்மாளு. அங்க என்ன சத்தம்?"

"கோயில்ல இருக்கேன். பூசை."

"நல்லது, வேண்டிக்க. கூப்புடவா அவனை? போன தடவ மாதிரி ஆயிருமோன்னு இருக்கு. நீ சொல்லு. நீ சொன்னாப் போறேன்."

மதினி என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒலிபெருக்கியில் யாரோ ஒரு அந்தோணியம்மாள், யாரோ ஒரு சவரிமுத்து. என்னிடம் ஒரு சொல் இருந்தது. 'வேண்டாம், வந்துருங்க' என்று சொல்ல நாக்கு எழுந்தது. அதைக் கேட்டால் அவர் வருவார். வந்து எங்கள் வீட்டில் எந்த நாற்காலியில் உட்காருவார், எதைப் பார்த்துக்கொண்டு உட்காருவார் என்று எனக்குத் தெரிந்தது.

"கையப் புடிக்காதீங்க" என்றேன். "பேரச் சொல்லிக் கூப்புடுங்க. கிட்டப் போயிப் பாருங்க."

"சரி" என்றார். துண்டிக்கவில்லை. அவர் செருப்புச் சத்தம் கேட்டது. பஞ்சாமிர்தம் விற்கிறவன் குரல் கேட்டது. பிறகு கூட்டத்துக்குள் அவர் குரல், முதலில் தயங்கி, பிறகு உரக்க, "லாசு... ஏ லாசு..."

மெழுகு உருகி என் விரலில் இறங்கியது. நான் கைபேசியைக் காதிலிருந்து எடுக்காமல் நின்றேன்.